அன்வரி ஜான் பெயரைச் சொன்னேன்

லக்னோ, சௌக்
12 ஜனவரி 1974

அன்பு மகள் நாஹீதுக்கு அம்மாவின் சலாமும் துஆவும். அல்லாஹ்வின் அருளால் இங்கே என் முழங்காலைத் தவிர எல்லாம் சுகம், பர்மிங்ஹாமில் நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் சுகமாக இருக்க வேண்டும். பனி கொட்டுகிறது, ரஜாய்ப் போர்வையை விட்டு எழவே மனம் வரவில்லை, ஆனாலும் உனக்கு எழுதாவிட்டால் எனக்கு ஆறாது. போன கடிதத்தில், "அம்மி, அந்த நடனப் பள்ளி வேலையை ஒத்துக்கோ, பண்டித மதுராதாஸோட சிஷ்யைன்னு அவங்க போட்டுக்கட்டும், உனக்கென்ன குறைஞ்சுடப் போகுது, நானும் மாமியார் வீட்டுல அப்படித்தான் சொல்லி வெச்சிருக்கேன்" என்று எழுதியிருந்தாய். எனக்கு ஒன்றும் குறையாது. என் அம்மா இல்லாமலே போய்விடுவாள்.

பள்ளியின் செயலாளர் சஹாய் இங்கே வந்து இரண்டு தட்டு கபாப் சாப்பிட்டுவிட்டு, "பேகம் சாஹிபா, உங்க வித்தை எங்க பொண்ணுங்களுக்கு வேணும், உங்க வீட்டுக் கதைதான் வேண்டாம், விழாவுல பண்டிதர் பேரைச் சொல்வோம், நீங்க தலையாட்டுனா போதும், மறுநாளே வேலை" என்றார். அந்தப் பண்டிதர் யார் தெரியுமா? வாரம் இரண்டு நாள் மூச்சு வாங்க நம் மாடியேறி வந்து, உட்கார்ந்தபடியே ஒரே பாட்டு வரிக்கு இருபது விதமாக முகம் காட்டுவது எப்படி என்று என் அம்மாவிடம் கேட்டுக்கொண்டு போனவர். நல்ல மனுஷர், உயிரோடு இருந்திருந்தால் இந்தப் பொய்க்கு அவரே கூசியிருப்பார். நவாப் காலத்தில் பெரிய வீட்டுப் பிள்ளைகளை, சபையில் எப்படி உட்காருவது, எப்படிப் பேசுவது என்று கற்றுக்கொள்ள, ஆடிப் பாடும் தவாயிஃப்களான நம்மிடம்தான் அனுப்பினார்கள். வெள்ளைக்காரன் வந்து நவாபைக் கப்பலேற்றினான், நம் வீடுகளைச் சூறையாடினான், நம்மைத் தேவடியாள் என்று ரிஜிஸ்டரில் எழுதினான். அவன் போனபின் நம் ஆட்கள் ஆட்டத்தை எடுத்துக்கொண்டு ஆடியவளை வாசலுக்கு வெளியே நிறுத்துகிறார்கள். சலாம் வைத்துத் தொடங்கும் உருப்படியைக்கூடக் கும்பிடாக மாற்றிவிட்டார்களாம். கும்பிடட்டும், எனக்குக் கும்பிடும் தெரியும், ஆனால் சலாம் எங்கே போயிற்று என்று ஒருத்தராவது சொல்ல வேண்டாமா?

போன ஞாயிற்றுக்கிழமை மாலை விழா நடந்தது. மந்திரி முன்வரிசையில் இருந்தார். ஒலிபெருக்கியில், "பண்டித மதுராதாஸின் அருமைச் சிஷ்யை" என்று அறிவித்தார்கள். நம் வழக்கம் உனக்குத் தெரியும், குருவின் பெயர் காதில் விழுந்தால் கை தானாகக் காது மடலைத் தொட வேண்டும். சபை முழுக்க என் கையைப் பார்த்தது. நான் மேடையில் கையை மடியில் வைத்தபடி உட்கார்ந்திருந்தேன். சஹாய் கண்ணால் கெஞ்சினார். தபலாவில் இருந்த கிழவர் புந்தூ மியான், "என்னம்மா, கை மரத்துப்போச்சா?" என்று சத்தமாகவே கேட்டார், விஷமம் பிடித்த மனுஷர். மைக்கை வாங்கி, "எனக்கு ஆட்டம் சொல்லிக்கொடுத்தவள் என் அம்மா, சௌக்கில் ஆடிய தவாயிஃப் அன்வரி ஜான்" என்று சொல்லிக் காதைத் தொட்டேன். நாஹீத், புந்தூ மியானும் தபலாவிலிருந்து கையெடுத்துக் காதைத் தொட்டார். பின்வரிசையில் இன்னும் நாலைந்து பேர் தொட்டார்கள். அதில் ஒருவர் பண்டிதரின் மகன்.

வேலை போய்விட்டது. "எல்லாத்தையும் கெடுத்துட்டீங்களே" என்றார் சஹாய். போகட்டும் என்றேன். படிகளில் இறங்கும்போது அழுகை வந்தது, வேலைக்காக இல்லை, இத்தனை வருஷம் வாயை மூடிக்கொண்டிருந்ததற்காக. இந்தச் செய்தி அங்கேயும் வந்து சேரும், உன் மாமியார் கேட்பார். உன் சங்கடம் எனக்குப் புரியாமல் இல்லை. சொல்லத் தைரியம் இல்லாவிட்டால் பேசாமல் இரு, அம்மா கோபித்துக்கொள்ள மாட்டேன். ஆனால் நம் வீட்டுப் பெண்ணின் இடத்தில் இனி எந்த ஆண்பிள்ளையையும் கொண்டுவந்து உட்கார வைக்காதே.

குழந்தைக்குக் காதுக்குல்லா போடாமல் வெளியே தூக்கிப் போகாதே. மாப்பிள்ளைக்கு என் துஆவைச் சொல். அல்லாஹ் உன்னை யாருக்கும் தலைகுனியாமல் வாழ வைக்கட்டும்.

இப்படிக்கு,
அன்வரி ஜானின் மகள், உன் அம்மா
ஷஹ்னாஸ்