உள்ளே ஒரு சாவி

யாங்கோன்
10.11.2024

அன்புள்ள ரெபேக்கா அக்காவுக்கு,

தம்பி பர்னபாஸ் எழுதுவது. நானும் செசிலியாவும் இருக்கிறோம். சுகம் என்று எழுத மனம் வரவில்லை. போனில் பேசக்கூடாத விஷயம் என்பதால், சிகிச்சைக்குச் சென்னை வரும் பர்கத்துல்லா பாய் வசம் இந்தக் கடிதத்தைக் கொடுத்தனுப்புகிறேன். படித்ததும் கிழித்துப் போட்டுவிடு.

நம் கிறிஸ்டோபரோடு படித்த ராகவனை உனக்கு ஞாபகம் இருக்கும், தாகேதாப் பேட்டைப் பையன். போன மாதம் அவனைக் கட்டாயப் பட்டாளத்துக்குப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். யாரோ பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறார்கள், தெரிந்தவர் என்று நினைத்து அவனே கதவைத் திறந்திருக்கிறான். அதற்குப் பிறகு அவன் அம்மாவை என்னால் நேருக்கு நேர் பார்க்க முடியவில்லை.

நம் பையனுக்கும் அதே வயதுதான். அவன் தாய்லாந்துக்கு வேலைக்குப் போய்விட்டான் என்று வார்டு ஆபீசில் சொல்லிவிட்டோம். ஆனால் அவன் இங்கேதான் இருக்கிறான். காலையில் செசிலியா பள்ளிக்கூடத்துக்கும் நான் அலோன் பேட்டைக் கிடங்குக்கும் கிளம்பும்போது, இரும்புக் கம்பிக் கதவை வெளியிலிருந்து பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போகிறேன். கீழே நின்று இழுத்துக் கூப்பிடத் தெருவுக்குத் தொங்கும் மணிக்கயிற்றையும் மேலே இழுத்துச் சுருட்டிவிட்டோம். நாலு மாடி ஏறி வருகிறவன் பூட்டைப் பார்த்தால் பேசாமல் இறங்கிவிடுவான். பகலில் பையனைத் தாளிக்கக்கூட விடுவதில்லை. பூட்டிய வீட்டில் வெங்காய வாசம் வந்தால் என்ன பதில் சொல்வது?

ஜெபத்தில் நினைத்துக்கொள்.

உன் தம்பி,
பர்னபாஸ்


சென்னை
2.12.2024

என் தங்கத் தம்பிக்கு,

பாய் கடிதத்தைப் பத்திரமாகச் சேர்த்தார். உருளைக்கிழங்கு போண்டா ஆறு சாப்பிட்டார், அப்புறம் வைத்தியரிடம் போனார். உன் கடிதத்தை இரண்டு தரம் படித்து அழுதுவிட்டுக் கிழித்தேன்.

நீ என்னைத் திட்டுவாய் என்று தெரிந்தேதான் இதை எழுதுகிறேன். நான் இப்போது ஒரு பதிப்பகத்துக்காக விண்வெளி விபத்துகளைப் பற்றிய புத்தகம் ஒன்றைத் தமிழாக்குகிறேன். மேலே போய்ச் செத்தவர்கள், மேலே போகாமலே செத்தவர்கள் என்று ஒரே சாவு வீடு. 1967-இல் அமெரிக்காவில் மூன்று பேரை விண்கலத்துக்குள் உட்காரவைத்துத் தரையிலேயே ஒத்திகை பார்த்தார்கள். ராக்கெட்டில் எரிபொருளே இல்லை, அதனால் அதை ஆபத்தான ஒத்திகை என்று யாரும் நினைக்கவில்லை. உள்ளே ஒரு தீப்பொறி. கதவு உள்பக்கமாகத் திறக்கிற கதவு, உள்ளே ஏறிய அழுத்தம் அதைத் திறக்கவிடாமல் அமுக்கிப் பிடித்துக்கொண்டது. மூவரும் போய்விட்டார்கள்.

ஏன் அப்படிப்பட்ட கதவு வைத்தார்கள் தெரியுமா? சில வருஷம் முன்னால் வேறொரு கலம் கடலில் இறங்கியபோது கதவு தானே திறந்துகொண்டு, கலம் மூழ்கிப்போனது. இனி ஒரு கதவும் அப்படித் திறந்துவிடக் கூடாது என்ற பயமும் ஒரு காரணம். அன்றைக்கு நீந்தித் தப்பித்தவர்தான், பர்னபாஸ், இந்த மூவரில் ஒருவர்.

ராகவன் கதவைத் திறந்தான் என்பதற்காக நீ உன் மகனுக்குத் திறக்க முடியாத கதவைக் கொடுத்திருக்கிறாய். பூட்டு வெளியே தொங்கட்டும், வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஒரு சாவியை உள்ளே வை. கம்பி வழியாகக் கையை விட்டு அவனே திறந்துகொள்ளலாம். இவ்வளவுதான் கேட்கிறேன்.

செசிலியாவுக்கு முத்தம். மருமகனுக்கு நாலு புத்தகம் வைத்திருக்கிறேன்.

அக்கா,
ரெபேக்கா


யாங்கோன்
5.1.2025

அன்புள்ள அக்காவுக்கு,

புது வருஷ வாழ்த்து. கிறிஸ்துமஸ் ஆராதனைக்கு நாங்கள் இருவர் மட்டும் போனோம். பாடகர் குழுவில் அவன் நிற்கிற இடம் காலியாக இருந்தது.

பாய் திரும்பி வந்து கொடுத்த உன் கடிதத்தைப் படித்துக் கோபம்தான் வந்தது. சென்னையில் விசிறிக்குக் கீழே உட்கார்ந்துகொண்டு ஊருக்கு உபதேசம் செய்வது லேசு. எனக்கு ராக்கெட் பாடம் வேண்டாம், அக்கா. எனக்கு இருக்கிற பயம் ஒன்றுதான், அது படியேறி வருகிற பயம்.

சாவியைக் கொடுத்தால் இவன் உள்ளே இருப்பானா? போன வாரம் ஜன்னல் ஓரமாக நின்று எதிர் டீக்கடையைப் பார்த்துக்கொண்டே, "அப்பா, ஒரே ஒரு லபெயே குடிச்சிட்டு ஓடி வந்துடுறேன், யாருக்குத் தெரியப்போவுது" என்கிறான். இருபத்திரண்டு வயது. காலில் சக்கரம் கட்டிய பையன். தும்மல் வந்தால் தலையணையில் முகம் புதைத்துத் தும்முகிறான். அவனைப் பார்க்க எனக்கு நெஞ்சு வெடிக்கிறது, அதற்காகச் சாவியைக் கொடுத்துவிட முடியுமா?

இத்தனை மாதமாகப் பூட்டுகிறோம். இரண்டு முறை ஆள் பிடிக்க வந்து பூட்டைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போயிருக்கிறார்கள். ஒன்றும் ஆகவில்லை. அதுதான் எனக்கு வேண்டிய பாடம்.

தம்பி,
பர்னபாஸ்


சென்னை
9.2.2025

கோபக்காரத் தம்பிக்கு,

திட்டு வந்து சேர்ந்தது. சின்ன வயதில் நீ கோபித்துக்கொண்டு கட்டிலுக்கு அடியில் போய்ப் படுப்பாய், அம்மா கருவாட்டைப் பொரித்துத்தான் வெளியே வரவைப்பார். என்னிடம் கருவாடு இல்லை.

"ஒன்றும் ஆகவில்லை" என்று எழுதியிருக்கிறாயே, அந்த வார்த்தைதான் என் புத்தகம் முழுக்க இருக்கிறது. 1986-இல் ஏழு பேரோடு வெடித்த விண்கலத்தில் ஒரு ரப்பர் வளையம்தான் கோளாறு. அதற்கு முன் போய் வந்த பயணங்களிலேயே அந்த வளையம் கருகியிருந்தது. கருகியும் பத்திரமாகத்தானே திரும்பியது என்று விட்டுவிட்டார்கள். குளிர் அதிகம், நாளைக்கு வேண்டாம் என்று பொறியாளர்கள் முந்தின நாள் மன்றாடியும் கேட்கவில்லை. 2003-இல் தொட்டியிலிருந்து பிய்ந்த நுரைத்துண்டு இறக்கையில் பட்டது. எத்தனையோ தடவை பிய்ந்திருக்கிறது, எதுவும் ஆனதில்லை. அந்தத் தடவை ஏழு பேரும் வீடு திரும்பவில்லை.

உன் பயம் பொய் என்று நான் சொல்லவே இல்லை. ஒரு பயத்தையே பார்த்துக்கொண்டிருந்தால் இன்னொன்று முதுகுப்பக்கமாக வரும். அந்தக் கட்டடத்தில் மாடிக்கு மாடி பேட்டரி, இன்வெர்ட்டர், கேஸ். பால்கனியும் கம்பிக்கூடு. நான் வளர்ந்த வீடு, எனக்குத் தெரியாதா?

அவனை நம்பு. நம்ப முடியாவிட்டால் பைபிள்மேல் கை வைத்துச் சத்தியம் வாங்கு. சாவியை மட்டும் கொடு. உன் காலைப் பிடித்துக் கேட்கிறேன், தம்பி.

அக்கா,
ரெபேக்கா


யாங்கோன்
6.4.2025

அன்புள்ள அக்காவுக்கு,

பூகம்பச் செய்தி பார்த்துத் துடித்திருப்பாய். மண்டலேப் பக்கம்தான் பேரழிவு. எங்களுக்கு ஒன்றும் இல்லை.

ஒன்றும் இல்லை என்று நான் எழுதுவதை நீ நம்ப மாட்டாய், அதனால் நடந்ததைச் சொல்கிறேன். அலோனில் கிடங்கு ஆடியதும் எல்லாரும் திறந்த வெளிக்கு ஓடினார்கள். என் கை சட்டைப்பையில் இருந்த சாவியைப் பிடித்துக்கொண்டது. வண்டி கிடைக்கவில்லை, கியாக்டடா வீடு வரைக்கும் ஓட்டமும் நடையுமாக வந்தேன். தெருவில் ஊரே நிற்கிறது. நான் மட்டும் மாடியேறுகிறேன். மூன்றாம் முறைதான் பூட்டில் சாவி இறங்கியது. இவன் கதவுக்குப் பின்னால் தரையில் உட்கார்ந்திருந்தான். "கத்தலப்பா. யாருக்கும் கேக்கக்கூடாதுன்னு வாயப் பொத்திக்கிட்டேன்" என்றான். வீடு ஆடும்போதும் கத்தாமல் இருந்திருக்கிறான், அக்கா. நான் பழக்கியது.

அன்றைக்கே இன்னொரு சாவி வெட்டிக் கொடுத்துவிட்டேன். தீ, பூகம்பம் தவிர வேறு எதற்கும் தொடமாட்டேன் என்று சத்தியம் செய்தான். செசிலியாவுக்கு இதில் சம்மதமில்லை. இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

தம்பி,
பர்னபாஸ்


சென்னை
27.4.2025

என் ராஜா பர்னபாஸ்,

உன் கடிதம் கையில் கிடைத்ததும் முழங்கால் போட்டு அழுதேன். பிறகு பாயசம் வைத்தேன், வீட்டில் யாருக்கும் காரணம் சொல்லவில்லை.

புத்தகத்தில் கடைசி அத்தியாயம் வந்துவிட்டது. அந்த மூவர் இறந்த பிறகு கதவை அடியோடு மாற்றி, நொடிகளில் வெளிப்பக்கமாகத் திறக்கும்படி செய்தார்கள். செத்தவர்களுக்குப் பயன்படவில்லை, பின்னால் போனவர்களுக்குப் பயன்பட்டது. நீ யாரும் சாகும் முன்னால் மாற்றிவிட்டாய். செசிலியாவிடம் சொல், கோபத்தை என்மேல் போடச் சொல். எனக்குத் தோள் அகலம்.

அக்கா,
ரெபேக்கா


யாங்கோன்
15.6.2025

அக்காவுக்கு,

மே மாதக் கடைசியில் நம் கட்டடத்தில் தீப்பிடித்தது. மத்தியான நேரம். இரண்டாம் மாடியில் இன்வெர்ட்டர் பேட்டரி. நானும் செசிலியாவும் வேலையில் இருந்தோம்.

கிறிஸ்டோபர் கம்பி வழியாகக் கையை விட்டுப் பூட்டைத் திறந்திருக்கிறான். ஒற்றை ஆளாக இறங்கி, சந்து வழியாகப் போயிருந்தால் யாருக்கும் தெரிந்திராது. மூன்றாம் மாடியில் நடக்க முடியாத சாயிமா அம்மா இருக்கிறார்களே, அவர்களைத் தூக்கிக்கொண்டு புகைக்குள்ளே இறங்கினான். தெருவே கை தட்டியது. "ஏ, நம்ம கிறிஸ்டோபரு! தாய்லாந்துலேர்ந்து எப்ப வந்தான்?" என்று எல்லாருக்கும் ஒரே சந்தோஷம். யாரோ வீடியோ எடுத்துப் பேஸ்புக்கில் போட்டுவிட்டார்கள், வீரப்பிள்ளை என்று பெயரோடு. கெட்ட எண்ணத்தில் யாரும் எதுவும் செய்யவில்லை.

வீடு கரியாகிவிட்டதால் தாகேதாவில் செசிலியாவின் தங்கை வீட்டுக்குப் போனோம். மறுநாள் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது பட்டாளத்துக்கு ஆள் பிடிக்கிறவர்கள் அங்கே வந்தார்கள். கை கழுவ விட்டார்கள். அதற்கு மேல் எழுத வரவில்லை. எந்த முகாமில் இருக்கிறான் என்று இன்னும் தெரியவில்லை.

செசிலியா உன் பெயரைக் கேட்டாலே எழுந்து போய்விடுகிறாள். ஒருநாள், "தீயில போயிருந்தா கல்லறைக்காவது பூ கொண்டுபோவேன்" என்றாள். சொல்லிவிட்டுத் தன் வாயில் தானே அடித்துக்கொண்டாள். நீ அதை மனதில் வைத்துக்கொள்ளாதே.

நீ சொன்னது சரி, அக்கா. தீயணைப்புக்காரரும் அதையேதான் சொன்னார், பூட்டியிருந்தால் பையன் கிடைத்திருக்க மாட்டான் என்று. அதனால் உன்மேல் கோபப்படவும் எனக்கு வழியில்லை. கோபப்பட முடிந்தால் நன்றாயிருக்கும். உன் புத்தகத்தில் ஒருவன் போனால் கதவை மாற்றுகிறார்கள், அடுத்தவன் பிழைக்கிறான். எனக்கு அடுத்தவன் இல்லை. இருந்தது இவன் ஒருவன்.

உன் கையெழுத்தைப் பார்த்தால் கடிதத்தைக் கவிழ்த்து வைத்துவிடுகிறேன். கொஞ்ச காலம் எனக்கு எழுதாதே. எத்தனை காலம் என்று கேட்காதே, ஆள்வசம் சொல்லியனுப்பவும் வேண்டாம். அவன் திரும்பி வந்தால் அவனையே உனக்கு எழுதச் சொல்கிறேன்.

பர்னபாஸ்