கை நனைக்காத வீடு

மரக்காணம்,
ஆடி மாசம், திங்கட்கிழமை

அன்புள்ள மாயவனுக்கு,

தனகோடி அத்தை எழுதுறேன். திருப்பூர்ல வேளாவேளைக்குச் சாப்பிடுறியா? போன் நம்பரை மாத்திட்ட. உங்கம்மா குப்பம்மாள்கிட்டதான் இந்த விலாசத்தை வாங்கினேன்.

எம்புள்ள தமிழரசன் போன வெள்ளிக்கிழமை நம்மளை விட்டுப் போயிட்டான்ப்பா. மாசி மகத்துச் சிலம்பப் பந்தயத்துல உன் கம்பு மண்டையில பட்டதுலேருந்து அவனுக்கு ஒரு பக்கம் கை கால் வரவேயில்லை. பாண்டிச்சேரி ஆஸ்பத்திரியில பிழைக்கிறது கஷ்டம்னு சொல்லித்தான் அனுப்பினாங்க. பெத்த வயிறு நம்பலை.

உன்மேல எனக்குக் கோவம் இருக்குது. அடிச்சதுக்கு இல்ல. கம்பு எடுத்து இறங்கினா அடி விழத்தான் செய்யும். போன வருஷம் அவன் உன் விலாவுல போடலையா? மறுநாளே உங்க வீட்டுல சம்மணம் போட்டு உட்கார்ந்து கருவாட்டுக் குழம்பை வழிச்சுச் சாப்பிட்டானே! உப்பளத்து ஆளுங்களும் கடலுக்குப் போற நாங்களும் மோத ஆரம்பிச்ச காலத்துலேருந்து அதானே முறை? ஜெயிச்சவன் தோத்தவன் வீட்டுல கை நனைக்கணும். அப்பதான் பந்தயம் முடிஞ்சதா அர்த்தம். நீ சொல்லாம கொள்ளாம பஸ் ஏறிட்ட. பாவி, அவன் தினம் வாசலையே பார்த்துக்கிட்டுக் கிடந்தான்டா. பேச்சு குழறும், உன் பேரு மட்டும் எனக்குப் புரியும்.

இங்க நிலைமை சரியில்ல. என் கொழுந்தன் சிவஞானம், காரியம் முடியட்டும்னு பசங்களைச் சேர்த்துக்கிட்டுக் கறுவிக்கிட்டிருக்கான். உங்கம்மா எங்க தெரு வழியா வர்றதில்ல. கால்வாய்க் கரையைச் சுத்திக்கிட்டு அந்த வெயில்ல உப்பளத்துக்குப் போறா. விலாசம் கேட்கப் போனப்ப என்னைப் பார்த்ததும் கதவைச் சாத்திட்டா. அப்புறம் திறந்து, என் தோள்ல விழுந்து அழுதா. நானும் அழுதேன், வேற என்ன பண்றது.

வர்ற ஞாயித்துக்கிழமை காரியம். வா. திருட்டுத்தனமா வராதே, பட்டப்பகல்ல வா. பஸ் ஸ்டாண்டுல நானே நிக்கிறேன். உன் கையைப் பிடிச்சு நடுத்தெருவுல கூட்டிக்கிட்டுப் போறேன். எவன் தொடணும்னாலும் என்னைத் தாண்டித்தான் தொடணும்னு சிவஞானத்துக்கிட்ட சொல்லிட்டேன்.

உனக்குப் பயமாத்தான் இருக்கும். எனக்கும் பயந்தான். ஆனா நீ வந்து ஒரு வாய் சாப்பிட்டா, என் புள்ள பந்தயத்துல தோத்தவன். வரலைன்னா அவன் கொலையானவன். அதுக்குப் பழி வாங்கன்னு உன்னைத் தேடி வருவானுங்க, உங்கம்மா வயிறும் எரியும். அது வேணாம்டா.

இலை போட்டு வைக்கிறேன். பசியோட வா.

நீயாவது நல்லா இருக்கணும்னு கும்பிடுற,
தனகோடி அத்தை