அந்தப் பெனால்டியில் எனக்கொரு சந்தேகம்

என் பாசத்துக்கும், இப்போது என் சந்தேகத்துக்கும் உரிய மச்சான் மூர்த்திக்கு,

நீ போய்ச் சேர்ந்து ஒரு வருஷம் ஆகப்போகிறது. உன் தங்கச்சி கலா நன்றாக இருக்கிறாள், உன் படத்துக்குத் தினமும் பூ வைக்கிறாள். எனக்கு முழங்கால் வலியைத் தவிர வேறு குறையில்லை. ஃபுட்பாலை விட்டபிறகு வீட்டில் சும்மா கிடந்தேனே, இப்போது என்ன செய்கிறேன் தெரியுமா? சிரிக்காதே. சினிமாவில் நடிக்கிறேன்.

நான் எப்பேர்ப்பட்ட சந்தேகப் பிராணி என்று உனக்குத் தெரியும். ரெஃப்ரி டாஸ் போட்டால் காசை வாங்கி இரண்டு பக்கமும் பார்த்தவன். கன்னடப் படத்துக்குக் கூப்பிட்டதும், ஹீரோவின் காலுக்குப் பதிலாக என் காலை மட்டும் படம் எடுத்துக்கொண்டு அனுப்பிவிடுவார்கள் என்றுதான் நினைத்தேன். முகத்தையும் எடுத்தார்கள். அதிலும் ஏதோ உள்குத்து இருக்கும் என்று இன்னும் தோன்றுகிறது.

கொடுத்தது கோல்கீப்பர் வேஷம். வாழ்நாளெல்லாம் கோல் அடித்தவனைக் கொண்டுபோய்க் கம்பத்துக்குக் கீழே நிறுத்தினார்கள். மேட்ச்சை விலைபேசிவிட்ட கீப்பர் ஒரு பெனால்டியை வேண்டுமென்றே விட வேண்டும், மைதானத்தில் ஒருவருக்கும் தெரியக் கூடாது. இதுதான் சீன். வைட்ஃபீல்ட் பக்கம் ஒரு மைதானத்தில் ஷூட்டிங்.

எதிர்ப்பக்கம் பாய்ந்தேன். "சார், கொத்தாக்தா இதெ" என்றார் டைரக்டர். தெரிந்துவிடுகிறதாம். மெதுவாகப் பாய்ந்தேன், அதுவும் தெரிந்தது. எந்தக் கீப்பரும் விரலை விரித்துத்தான் பாய்வான் இல்லையா? கடைசியில் பந்து வரும் பக்கமே முழு வேகத்தில் பாய்ந்து, கையை நீட்டி, விரல்களை மட்டும் உள்ளே மடக்கிக்கொண்டேன். பந்து கையில் படாமல் வலைக்குள் போனது. எல்லோரும் கைதட்டினார்கள்.

மானிட்டரில் அதைப் போட்டுக் காட்டியபோது இன்னொரு தடவை போடச் சொன்னேன் மச்சான். அந்தக் கையை நான் ஏற்கெனவே பார்த்திருக்கிறேன்.

ஆஸ்டின் டவுன் மைதானத்தில் நடந்த செலக்‌ஷன் மேட்ச். நம் ஏரியாப் பசங்களை இரண்டு டீமாகப் பிரித்து ஆடவிட்டு, ஒரே ஒருவனை எடுத்து வேலையும் போட்டுக் கொடுப்போம் என்றார்கள் ஒரு கவர்மெண்ட் டிபார்ட்மெண்ட் டீம்காரர்கள். நீயா நானா என்றுதான் பேச்சு. எதிர் டீமுக்கு நீ கீப்பர், நான் பெனால்டி அடித்தேன். நீ சரியான பக்கம்தான் பாய்ந்தாய், ஆனால் உன் விரல்கள் விரிந்திருக்கவில்லை. நான் அந்த டீமுக்குப் போனேன், பிறகு பெரிய கிளப்புகளுக்கும் போனேன். நீ பொம்மசந்திராவில் கம்பெனி வேலைக்குப் போனாய்.

"செம ஷாட்டுடா, எவனாலயும் புடிச்சிருக்க முடியாது" என்றாயே அன்றைக்கு! யாரையும் பாராட்டிப் பழக்கமில்லாத வாய் உன்னுடையது. நான் அப்போதே சந்தேகப்பட்டிருக்க வேண்டாமா? எனக்குச் சாதகமான விஷயத்தை மட்டும் நான் சந்தேகப்படுவதே இல்லை போலிருக்கிறது.

நானும் கலாவும் விரும்பினோம், வேலையில்லாதவனுக்குப் பெண் கிடையாது என்று உன் அப்பா அப்போது பிடிவாதமாக நின்றார். கலா உன்னிடம் அழுதிருப்பாளோ? அவளிடமே கேட்டேன். "பந்தாட்டத்தப் பத்தி எனக்கு இன்னா தெரியும்?" என்று மிக்ஸியைப் போட்டாள். சத்தத்துக்கு மேலே சத்தமாகத் திரும்பவும் கேட்டேன். மிக்ஸியை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

"தெரிஞ்சு இன்னா பண்ணப் போறீங்க? எங்கண்ணனுக்குத் திருப்பிக் குடுக்கப் போறீங்களா?"

அழுகை வந்தது, உன்மேல் கோபமும் வந்தது. யார்டா உன்னைக் கேட்டது? நீ நிஜமாகப் பாய்ந்திருந்தாலும் நான் கோல் அடித்திருப்பேன். அடித்திருப்பேனா? அதைச் சொல்ல ஆளில்லாமல் செய்துவிட்டாயே.

படம் வெளிவந்ததும் மைக்கை நீட்டிக்கொண்டு வருவார்கள். உங்களை மேலே கொண்டுவந்த கோல் எது என்று கட்டாயம் கேட்பார்கள். இத்தனை வருஷம் நெஞ்சை நிமிர்த்திச் சொன்ன பதிலை இனிச் சொல்ல மாட்டேன். அது மூர்த்தி போட்ட கோல் என்று சொல்வேன், இது சத்தியம். நான் நினைப்பது தப்பென்றால் கனவிலாவது வந்து என் செவிட்டில் ஓங்கி ஒரு அறை விடு. அந்த அறை விழாதா என்றுதான் இருக்கிறது மச்சான்.

உன் தங்கச்சி புருஷன்,
பாபு