கற்பூரம் காட்டிய நேரம்

ஆடி இரண்டாம் வெள்ளி, இரவு.

காலையில் அம்மன் கோயில் வாசலில் ஆட்டோவும் பைக்கும் மோதிக்கொண்டன. ஆட்டோ ஓட்டிய பாபுதான் தப்பான பக்கம் வந்தான், கண்ணால் பார்த்தேன் என்று போலீஸிடம் சொன்னேன். அவனைக் கூட்டிப் போய்விட்டார்கள்.

மதியம் அவன் அக்கா கஸ்தூரி வந்து கத்தினாள்.

"பைக்காரன்தான் வந்து இடிச்சான், நான் பாத்தேன். நீ இன்னாத்த பாத்தக்கா?"

தம்பிக்காகப் பொய் சொல்கிறாள் என்று நினைத்தேன்.

சாயங்காலம் வீட்டில் கற்பூரம் காட்டும்போது வழக்கம்போல் என் கண் மூடிக்கொண்டது. அப்போதுதான் நினைவு வந்தது. காலையில் சத்தம் கேட்டபோதும் பூசாரி கற்பூரம்தான் காட்டிக்கொண்டிருந்தார். கண் திறந்து வாசல் பக்கம் திரும்பியபோது ஆட்டோ குறுக்கே நின்றது. மற்றதை நானாகச் சேர்த்திருக்கிறேன்.

நாளை ஸ்டேஷனில் என் சாட்சி வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட மாட்டேன். ஆனால் கஸ்தூரியும் என் பக்கத்தில்தான் கைகூப்பி நின்றாள். அவள் கண் திறந்திருந்ததா? அதையும் நான் பார்க்கவில்லை.