தட்டியும் அசையாத பாம்பு

அன்பு மகனுக்கு அம்மா சொல்லி எழுதுவது. இங்கே அப்பாவும் தங்கையும் முழு நலம், நான் முக்கால் நலம், மீதிக் கால் பங்கு வலது கையில் கட்டுப் போட்டுக்கொண்டு கிடக்கிறது. நீ அந்தத் தூர தேசத்தில் வேளைக்குச் சாப்பிட்டு, வெயிலில் தலைக்குத் துணி கட்டிக்கொண்டு நல்லபடியாக இருக்கிறாய் என்று நம்புகிறேன். எழுத்து என்னுடையது இல்லை என்று பார்த்தவுடனே தெரிந்திருக்கும். நான் சொல்லச் சொல்ல உன் தங்கைதான் எழுதுகிறாள். பேசுகிறபடி எழுதடி என்றால் கேட்பதில்லை, புத்தகத்தில் வருவதுபோலத் திருத்தித் திருத்தி எழுதுகிறாள். எழுந்து நின்று வாய்விட்டுப் படிக்கச் சொல்கிறார்கள் என்று பயந்து ஒன்பதாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவள்தான், பள்ளிக்கூடத்தை விட்டாளே தவிர எழுத்தை விடவில்லை. போனில் பேசினால் ஆகாதா என்று நீ கேட்பாய். போனில் நீ என்னை எங்கே பேச விடுகிறாய், பாதியிலேயே அழுகிறாய், இல்லாவிட்டால் கத்துகிறாய். கடிதத்தில் குறுக்கே பேச முடியாது, அதனால் கடைசிவரை படி.

நடந்தது இதுதான். காப்பிச் செடியில் கை வைப்பதற்கு முன் குச்சியால் இரண்டு தட்டுத் தட்ட வேண்டும், பாம்பு இருந்தால் ஓடிவிடும் என்று நான் தோட்டத்தில் சேர்ந்த முதல் நாளே சொல்லிக்கொடுத்தார்கள். பதினெட்டு வருடமாகத் தட்டுகிறேன். அன்றைக்கும் தட்டினேன். தட்டிவிட்டு இடது கையால் கிளையை வளைத்து வலது கையைப் பழத்துக்குக் கொண்டுபோனேன், ஆள்காட்டி விரலில் ஊசி ஏறியதுபோல் இருந்தது. குனிந்து பார்த்தால் இலைதான் தெரிகிறது. அடுத்த வரிசையில் பறித்துக்கொண்டிருந்த உன் தங்கைதான் அதைப் பார்த்தாள். இலைப்பச்சையில் காய்ந்த இலைபோலப் பழுப்புத் திட்டுகள், கட்டைவிரல் பருமன், முக்கோணத் தலை, இரண்டு கிளை பிரிகிற இடத்தில் சுருட்டி வைத்த கயிறு மாதிரி உட்கார்ந்திருக்கிறது. என்னைக் கடித்துவிட்டு ஓடக்கூட இல்லை, மறுபடி சுருண்டுகொண்டது. நீங்கள் வாயாடி சித்தி என்று கூப்பிடுவீர்களே, அவள் ஓடி வந்து தலைத்துணியை அவிழ்த்து என் முழங்கைக்கு மேலே இறுக்கிக் கட்டிவிட்டாள். நல்ல மனசோடுதான் கட்டினாள். பழம் ஏற்றுகிற லாரியிலேயே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள், போய்ச் சேர்வதற்குள் கை முழங்கைவரை வீங்கி என் கை மாதிரியே இல்லை.

அங்கே இருந்த டாக்டரம்மா முதலில் அந்தக் கட்டைத்தான் தளர்த்தினாள். யார் கட்டியது என்று கேட்டாள், சித்தி முதல் தடவையாக வாய் திறக்காமல் நின்றாள். இந்த ஜாதிப் பாம்பின் விஷம் கடித்த இடத்துச் சதையைத்தான் தின்னுமாம், இறுக்கிக் கட்டினால் அது அங்கேயே நின்று விரலை அழுகவைத்துவிடுமாம். விஷமுறிவு மருந்து போடுங்கள் என்று அப்பா கேட்டதற்கு, இங்கே இருக்கிற மருந்து வேறு பாம்புகளுக்குச் செய்தது, இதற்குப் பயன்படாது என்று மறைக்காமல் சொல்லிவிட்டாள். ஆறு மணி நேரத்துக்கு ஒரு தடவை ரத்தம் எடுத்துக் கண்ணாடிக் குழாயில் ஊற்றி இருபது நிமிடம் அசைக்காமல் வைத்துப் பார்த்தாள். உறைந்தால் பயமில்லை, தண்ணீராகவே நின்றால் உடம்புக்குள் எங்கே வேண்டுமானாலும் கசியலாமாம். முதல் இரண்டு தடவை உறையவில்லை. அந்த இருபது நிமிடமும் அப்பா குழாயையே பார்த்துக்கொண்டு நின்றார். மூன்றாம் தடவை உறைந்தது, வெளியே போய் முகம் கழுவிவிட்டு வந்தார். இதை உன்னிடம் போனில் சொல்லவில்லை, இப்போது எல்லாம் தாண்டியாயிற்று, அதனால் சொல்கிறேன்.

அந்த டாக்டரம்மாதான் இன்னொன்றும் சொன்னாள். இந்தப் பாம்புக்குக் கண்ணுக்கும் மூக்குக்கும் நடுவில் ஒரு குழி இருக்கிறதாம், அதனால்தான் குழிவிரியன் என்று பெயர். அந்தக் குழியால் அது சூட்டைப் பார்க்கிறதாம். காலையில் இலையெல்லாம் ஜில்லென்று இருக்கும்போது நம் கை அதற்கு அடுப்புபோலத் தெரியுமாம். நான் வீட்டுக்குள் வந்தால் பேப்பர் படிக்கிற உங்கள் அப்பாவுக்கே தெரியாது, இந்தப் பாம்புக்குத் தெரிந்திருக்கிறது பார் என்றேன், அவள் சிரித்துவிட்டாள். தட்டினேனே, ஏன் ஓடவில்லை என்று கேட்டேன். அது ஓடுகிற பாம்பு இல்லை, இரை தானாக வரும்வரை ஒரே இடத்தில் நாள்கணக்காக உட்கார்ந்திருக்கும், ஆபத்து வந்தால் அசையாமல் இருப்பதுதான் அதற்குப் பாதுகாப்பு என்றாள். பதினெட்டு வருடமாக அந்தக் குச்சியை நம்பி நாம் கையை விட்டிருக்கிறோம்.

நான்காம் நாள் என்னை வீட்டுக்கு அனுப்பினார்கள், அன்றைக்கே தோட்ட ஆபீஸிலிருந்து ஒரு காகிதம் வந்தது. செடியைத் தட்டாமல் கவனக்குறைவாகக் கை வைத்ததால் பாம்பு கடித்தது என்று டைப் அடித்து, கீழே என் கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தார்கள். தட்டினேன் என்றேன். தட்டியிருந்தால் ஓடியிருக்குமே, கடித்திருக்கிறது என்றால் தட்டவில்லை என்றுதானே அர்த்தம் என்று கொண்டுவந்த கிளார்க் சொன்னார். நீயும் போனில், போட்டுட்டு வேலையப் பாரும்மா, அவங்களோட நமக்கு எதுக்கு என்றாய். உன் பயம் புரிகிறது, வேலை போய்விடும் என்று நினைக்கிறாய். ஆனால் யோசித்துப் பார். நான் கையெழுத்துப் போட்டால் தப்பு என் மேல், குச்சி மேல் இல்லை என்று ஆகிவிடும். நாளைக்கு உன் தங்கையும் அதே குச்சியால் இரண்டு தட்டுத் தட்டிவிட்டுத்தான் கையை விடுவாள். என் கை எப்படியோ பிழைத்தது, அவள் கையை வைத்து என்னால் சூதாட முடியாது. போடமாட்டேன் என்று சொல்லிவிட்டேன். அப்படியானால் மேனேஜர் முன்னால் வந்து சொல்லுங்கள், பார்த்த சாட்சியையும் கூட்டி வாருங்கள் என்றார்கள். பார்த்த சாட்சி யார், உன் தங்கைதான். கடைக்குப் போனால் உப்பு வேண்டும் என்று கேட்கவே மூன்று பேரை முன்னால் விட்டுவிட்டு நிற்கிறவள்.

இந்த இடம் வந்ததும் எழுதமாட்டேன் என்று பேனாவை மூடிவிட்டாள். நீ எழுதாவிட்டால் போனிலேயே அண்ணனிடம் சொல்லுவேன், இன்னும் கூட்டிச் சொல்லுவேன் என்று மிரட்டியிருக்கிறேன், இப்போது எழுதுகிறாள். ஆபீஸில் மேனேஜர் நல்லபடியாகத்தான் கேட்டார், உங்க அம்மா தட்டினதைப் பாத்தியாம்மா என்று. இவள் தலையை மட்டும் ஆட்டினாள். வாயால் சொல்லு என்றார். வரவில்லை. கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. கிளார்க் சிரித்தபோது எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அப்புறம் இவள் திரும்பி வாசலுக்கு நடந்தாள், அழுதுகொண்டு வீட்டுக்குப் போகிறாள் என்று நினைத்தேன். படியில் நின்று மேனேஜரைத் திரும்பிப் பார்த்தாள், கையால் வாங்க என்று காட்டினாள். ஒன்றும் புரியாமல் எல்லாரும் பின்னால் போனோம், செடிக்குள் வேலை செய்த பெண்கள் பதினோரு பேரும் சேர்ந்துகொண்டார்கள்.

நேரே அந்தச் செடிக்குத்தான் கூட்டிப்போனாள். எனக்கே அப்போதுதான் தெரிந்தது, தினமும் வேலைக்குப் போகும்போதும் வரும்போதும் அங்கே போய்ப் பார்த்துவந்திருக்கிறாள். அடித்துப் போட்டுவிடலாம் என்று ஆட்கள் கேட்டபோது எந்தச் செடி என்றே காட்டவில்லையாம். தூரத்திலேயே என்னை நிறுத்திவிட்டு ஒரு குச்சியை எடுத்து மேனேஜர் கையில் கொடுத்து, “தட்டுங்க சார்” என்றாள். அவர் தட்டினார். இரண்டு தட்டு, அப்புறம் பலமாக இன்னும் இரண்டு. பழம் நாலு உதிர்ந்தது, வேறு ஒன்றும் அசையவில்லை. “ஒண்ணுமே இல்லையேம்மா” என்று சொல்லிக்கொண்டே கிளையை விலக்கக் கையை நீட்டினார். உன் தங்கை அவர் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துவிட்டாள். நம் வீட்டுக்கு வந்த விருந்தாளியிடம் தண்ணீர்ச் செம்பை நீட்டவே கூச்சப்படுகிறவள்.

“அங்கதான் சார் இருக்கு. உங்க கை போற இடத்துல.”

அவள் விரலை நீட்டிக் காட்டிய பிறகும் அவருக்குத் தெரிய நேரமாயிற்று. தெரிந்ததும் முகம் வெளுத்துவிட்டது. கடித்த இடத்திலேயே, அதே கிளைப் பிரிவில், ஆறாவது நாளும் அது சுருண்டு உட்கார்ந்திருந்தது. வாயாடி சித்திக்கு வாய் திரும்பிவிட்டது, “சார் தட்டிட்டுத்தான் கை வச்சாரு, நாங்க பதினோரு பேரும் சாட்சி” என்றாள். கிளார்க் இந்தத் தடவை சிரிக்கவில்லை. மேனேஜர் அந்தக் காகிதத்தைக் கேட்டு வாங்கி மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். மறுநாள் பாம்பு பிடிக்கிற ஆள் வந்து நீளக் கம்பியால் எடுத்து டப்பாவில் போட்டுக்கொண்டு போனான். கிளையை வளைக்கக் கொக்கி வைத்த கழி இரண்டு நாளில் வந்துவிட்டது, முதலில் கொக்கியால் இலையை விலக்கி ஒருத்தி பார்ப்பது, அப்புறம்தான் பறிப்பது. தடித்த கையுறை கேட்டோம், பார்க்கலாம் என்றார். தட்டியும் கடித்தது என்று புதுக் காகிதம் எழுதித் தரச் சொன்னோம், மேலே கேட்க வேண்டும் என்றார். கேட்கட்டும். கையுறையும் காகிதமும் வரும்வரை அந்தப் பகுதியில் ஒருத்தியும் கையை விடுவதில்லை என்று பதினோரு பேரும் முடிவு செய்திருக்கிறார்கள். மற்றப் பகுதியில் வேலை நடக்கிறது. பழம் முற்றிக்கொண்டே போகிறது, ஆபீஸுக்கும் அது தெரியும்.

ஆகையால் நீ வேலையை விட்டுவிட்டு வருகிறேன் என்று சொல்வதை இன்றோடு நிறுத்து. ஒப்பந்தம் முடிய இன்னும் ஒரு வருடம் இருக்கிறது, முடித்துவிட்டு மரியாதையாக வா. செவ்வாய்க்கிழமை விரலின் நுனிக் கணுவை எடுக்கப்போகிறார்கள், கறுத்துப்போன சதை இனித் தேறாதாம். அழாதே. பழம் பறிக்க ஒன்பதே முக்கால் விரல் தாராளம், புண் ஆறியதும் போகத்தான் போகிறேன். சமையல் இப்போது அப்பாதான், உப்பு ஒரு நாள் இல்லை, மறுநாள் இரண்டு நாளுக்குச் சேர்த்துப் போடுகிறார். தங்கை இப்போதும் யாரிடமும் பேசுவதில்லை, ஆனால் அவள் பேசாமல் நிற்கும்போது யாரும் சிரிப்பதும் இல்லை.

உனக்கு ஒரு புத்தி சொல்ல வேண்டும். நீ சோலார் தகடு மாட்டுகிற அந்த வறண்ட நிலத்தில் வாலில் கிலுகிலுப்பை வைத்த பாம்பு உண்டு, அதுவும் இதற்குச் சொந்தம்தான் என்று டாக்டரம்மா சொன்னாள். சத்தம் கொடுத்து எச்சரிக்கும், ஆனால் எல்லாத் தடவையும் கொடுக்கும் என்று நம்பாதே என்றாள். அடியில் பார்க்காமல் தகட்டைத் தூக்காதே, பூட்ஸை உதறிவிட்டுப் போடு, கண் போகாத இடத்துக்குக் கையை அனுப்பாதே. கடித்துவிட்டால் கட்டாதே, கீறாதே, உறிஞ்சாதே, மோதிரத்தைக் கழற்றிவிட்டுக் கையை அசைக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போ. பக்கத்தில் எந்த ஆஸ்பத்திரியில் அந்தப் பாம்புக்கு மருந்து இருக்கிறது என்று நாளைக்கே விசாரித்து எங்களுக்குத் தெரியப்படுத்து.

உடம்பும் மனசும் திடமாக, எடுத்த வேலையை முடித்து, நீ நூறு வருடம் நன்றாக இருக்க வேண்டும். அப்பாவும் இதையே சொல்லச் சொன்னார். கீழே கோணலாக இருப்பது நான் இடது கையால் போட்டது. தங்கை போடுகிறேன் என்றாள், விடவில்லை. எழுதியிருப்பது அத்தனையும் உண்மை என்பதால் நானே போட்டேன்.

இப்படிக்கு,
உன் அம்மா