குசினிக் கூரையில் இருந்த கம்பி

கரைத்தீவு
11.02.2014

அன்புள்ள முஃப்லிஹாவின் வாப்பாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் உதவியால் நானும் பிள்ளையும் சுகம். உங்கள் இருமல் எப்படி? ஆலங்குடாவில் டொல்பினைத் துரத்தும் படகுக்காரரோடு கத்திக் கத்தித் தொண்டை போயிருக்கும். தண்ணீரைச் சுடச்சுடக் குடியுங்கள்.

ஃபோனில் சொன்னால் நீங்கள் கத்துவீர்கள், நான் அழுவேன், விஷயம் அப்படியே நிற்கும். அதனால்தான் ரஸாக்கின் மீன் வேனில் இந்தக் கடிதம்.

வனஜீவராசிகள் கந்தோரிலிருந்து உங்களைக் கடல் காவலுக்கு அனுப்பிய பிறகு, அந்தக் காது கிழிந்த யானைக்குப் பயம் விட்டுப் போய்விட்டது. விரட்டக் கந்தோர் தரும் யானை வெடி வந்தாலும் ஒரே நாளில் முடிந்துவிடுகிறது. என் கூடப்பிறந்த ஃபைஸல் நானாவின் சோளத்தில் பாதி போய்விட்டது.

நானா சும்மா இருப்பாரா? வீட்டு மின்சாரத்தைக் கம்பியில் இழுத்துத் தோட்டத்தைச் சுற்றிவிட்டார். பொழுதுபட மஃரிபுக்குக் கரண்ட் கொடுத்து, விடிய சுபஹுக்குப் பிறகு கழற்றுகிறார். நேற்றுக் கழற்ற மறந்துவிட்டார். அவருடைய ஆடே அதில் பட்டுச் செத்தது. பாம்பு கடித்தது என்று ஊருக்குச் சொல்லிப் புதைத்தார். காலில் கருகிய கோட்டை நான் பார்த்தேன். அந்த வேலியோரத்தால்தான் முஃப்லிஹா காலையில் மதரஸாவுக்கு ஓதப் போகிறாள். ஆட்டுக்கு ஐந்து நிமிடம் முன்னால் போனவள்.

கேட்டதற்கு, உன் புருஷனுக்கு யானை சம்பளம் தருகிறது, எனக்குச் சோளம்தான் சோறு தருகிறது என்றார். அவர் சொல்வதும் பொய்யில்லை. மன்னாரிலிருந்து ஒரு பையோடு வந்து, இந்தக் காணியைக் கொத்திக் கொத்தி நிமிர்ந்தவர்.

இனி என் குற்றம். போன வருடம் நீங்கள் அவரிடம் பிடித்த அதே கம்பிதான் இது. என் அழுகையைப் பார்த்து, வழக்கு எழுதாமல் சுருட்டிக் கொண்டுவந்து எங்கள் குசினிக் கூரையில், அடுப்புக்கு மேலே செருகினீர்களே, அதுதான். உடுப்புக் காயப்போடக் கொடி கட்ட வேண்டும் என்று நானா கேட்டார். நான்தான் கதிரையில் ஏறி எடுத்துக் கொடுத்தேன். தெரியாமல் கொடுத்தேன் என்று எழுதத்தான் பேனையை எடுத்தேன். தெரியும். கொடி கட்ட யாருக்கு அவ்வளவு கம்பி?

பிள்ளையை இப்போது றோட்டால் சுற்றி அனுப்புகிறேன். மற்றப் பிள்ளைகளுக்கு என்ன சொல்வது? பாம்பு என்றா?

நானா வீட்டுக்குப் போகுமுன் காக்கியைக் கழற்றுங்கள், சாரம் உடுத்து மச்சானாகப் போங்கள் என்று எப்போதும் சொல்பவள் நான். இந்த முறை கழற்றாதீர்கள். இன்றே புறப்பட்டு, மஃரிபுக்கு முன் நேரே அங்கே போங்கள். வீட்டுக்குப் பிறகு வரலாம். எழுத வேண்டியதை எழுதுங்கள், கம்பியை யார் கொடுத்தது என்பதையும் சேர்த்து.

அல்லாஹ் உங்களையும் நானாவையும் அந்த யானையையும்கூடக் காப்பாற்றட்டும். நான் அழுவேன். இந்த முறை என் முகத்தைப் பார்க்காதீர்கள்.

உங்கள்
ரம்ஸியா