நீ போகாத நாட்றாம்பாளையம்

ஓசூர்,
21 ஆகஸ்ட் 1968

அன்பு மகன் ஜேம்ஸுக்கு,

கர்த்தர் காத்து நடத்துவதால் அப்பாவும் நானும் இங்கே நலமாக இருக்கிறோம். நீயும் சென்னையில் நலம் என்று எழுதியிருக்கிறாய், நம்புகிறேன். நம்புகிறேன் என்ற வார்த்தையை யோசித்துத்தான் போடுகிறேன், ஏன் என்று போகப் போகத் தெரியும். மழை இந்த வருடம் ஏமாற்றிக்கொண்டே இருக்கிறது, ராகிப் பயிர் வாடுகிறது என்று சந்தையில் எல்லோரும் புலம்புகிறார்கள். அத்திப்பள்ளிப் பக்கமிருந்து பால் கொண்டுவரும் பெருமாள் பாலில் தண்ணீர் கலக்கவே இல்லை என்று பிள்ளைகள் மேல் சத்தியம் செய்கிறான், இவ்வளவு பெரிய சத்தியம் எதற்கு என்றுதான் எனக்குச் சந்தேகம். சந்தேகப்படுவது எனக்குப் பிறவி வியாதி என்று அப்பா சொல்கிறார். இருக்கட்டும், அந்த வியாதிதான் இந்தக் கடிதத்தையும் எழுத வைக்கிறது.

நீ அனுப்பிய கல்லூரி மலர் போன மாதம் வந்தது. மலைக் கிராமத்துப் பிள்ளைகள் ஏன் பள்ளிக்கு வருவதில்லை என்ற உன் கட்டுரை முதல் பரிசு வாங்கி, உன் படத்தோடு அச்சாகியிருந்ததைப் பார்த்து அப்பாவுக்குக் கால் தரையில் பாவவில்லை. தாலுகா ஆபீஸில் ஒருவர் பாக்கியில்லாமல் காட்டினார். போதாதென்று ஒரு பிரதியைக் கிருஷ்ணகிரியில் நம் சபைப் பெண் ஜெபசீலி படிக்கிற ஆசிரியர் பயிற்சிப் பள்ளிக்கும் அனுப்பிவைத்தார், அந்தப் பிள்ளைகளும் படிக்கட்டும் என்று. எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது, முதல் பக்கம் முடிகிறவரை. கோடை விடுமுறையில் நாட்றாம்பாளையம் போய்த் தங்கி, வீடு வீடாக விசாரித்ததாக எழுதியிருக்கிறாய். கோடை விடுமுறை முழுக்க நீ மஞ்சள் காமாலையில் நம் வீட்டுக் கட்டிலை விட்டு எழுந்திருக்கவில்லையே, ஜேம்ஸ். அந்த ஊருக்குப் போக அஞ்செட்டி பஸ் எங்கே நிற்கும் என்றாவது உனக்குத் தெரியுமா? அங்கே இருக்கிறவர்கள் கன்னடம் பேசுகிறவர்கள். விடுதியிலேயே வளர்ந்த உனக்கு, சாப்பாடு ஆயிற்றா என்று கேட்கிற ஊட்டா ஆயித்தாவுக்கு மேல் கன்னடம் வராது. சரி, பிள்ளை கொஞ்சம் கூட்டிச் சொல்கிறான் என்று மனதைத் தேற்றிக்கொண்டு மேலே படித்தேன். பிள்ளை பெற்றவள் படுத்திருக்கும் உள்ளறையில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து பேசினேன், அவள் பால் கொடுத்துக்கொண்டே, மூத்த மகளை ஏன் பள்ளிக்கு அனுப்ப முடியவில்லை என்று சொல்லி அழுதாள் என்ற இடம் வந்தது. மலரை மூடி வைத்துவிட்டேன். எந்த ஊரில், எந்தச் சாதியில், மீசை முளைத்த அந்நிய ஆணை அந்த அறைக்குள் விடுவார்கள்? இதை எழுதியது ஒரு பெண் என்று அப்போதே எனக்குப் பட்டுவிட்டது. அப்பாவிடம் சொன்னேன், பொறாமை பிடித்த அயல்வீட்டுக்காரி மாதிரிப் பேசாதே என்றார்.

அதே சமயத்தில்தான் ஜெபசீலியின் நடத்தை மாறியது. அவள் அம்மா ஆஸ்பத்திரி ஆயா வேலையில் தனியாக நின்று அவளைப் படிக்க வைப்பது உனக்குத் தெரியும். சனிக்கிழமை ஊருக்கு வந்தால் பெரியம்மா என்று ஓடி வருகிறவள், என்னைப் பார்த்ததும் தெருவின் எதிர்ச் சாரிக்குப் போனாள். ஆராதனையில் கடைசி வரிசையில் உட்கார்ந்து, முடிவதற்குள் நழுவினாள். என் புத்தி எங்கே போகும்? உனக்கும் அவளுக்கும் ஏதோ இருக்கிறது, நீ எதையோ சொல்லி ஏமாற்றிவிட்டாய் என்று நினைத்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை சபை வாசலில் கையைப் பிடித்து நிறுத்தி, உண்மையைச் சொல்லுடி, ஜேம்ஸ் உனக்கு என்ன செய்தான் என்று கேட்டேன். அவள் அழ ஆரம்பித்தாள். நான் பயந்தது ஒன்று, அவள் சொன்னது வேறு. ஜனவரியில பாடம் நடத்திப் பழக என்னை நாட்றாம்பாளையத்துக்கு அனுப்புனாங்க பெரியம்மா, அங்க பார்த்ததெல்லாம் வெச்சுத்தான் பள்ளிக்கூடத்துல குடுக்க வேண்டிய கட்டுரையை எழுதினேன், எழுத்துப் பிழை இருந்தா திருத்திக் குடுங்கண்ணான்னு அண்ணன் கிட்டக் குடுத்தேன், இப்ப நான் அண்ணனைப் பார்த்துக் காப்பியடிச்சேன்னு பள்ளிக்கூடத்துல சொல்றாங்க, வருசத்தையே மறுபடி படிக்கணுமாம் என்றாள். அப்பா பெருமைக்கு அனுப்பிய மலரே அவள் கழுத்துக்குக் கத்தியாகியிருக்கிறது. ஏன் எங்களிடம் சொல்லவில்லை என்றேன். அண்ணன் பேரு கெட்டுப்போகுமே, அதோட உங்க பையனையா என்னையா, யாரை நம்புவீங்க என்றாள்.

அன்று வீட்டில் பெரிய சண்டை. ரெண்டு பேரும் ஒரே ஊரு, ஒரே மாதிரி எழுதக் கூடாதா என்றார் அப்பா. ஒரே மாதிரி எழுதலாம், ஒரே தாய் ஒரே இடத்தில் ஒரே வார்த்தை சொல்லி இரண்டு பேரிடமும் அழுவாளா என்றேன். அவர் சாப்பிடாமல் எழுந்து போனார். காலையில் நான் கேட்காமலே சட்டையை மாட்டிக்கொண்டு, கிளம்பு, கிருஷ்ணகிரிக்குப் போகலாம் என்றார்.

அந்தப் பள்ளியின் தலைமை அம்மா முதலில் எங்களையே சந்தேகப்பட்டார். பெத்த தாயே மகனுக்கு எதிரா வந்து நிக்கிறீங்கன்னா, இந்தப் பொண்ணுக்கும் உங்களுக்கும் என்ன சம்பந்தம் என்று நேராகவே கேட்டார். நான் மலரைப் பிரித்து அந்த உள்ளறை வரியைக் காட்டி, அம்மா, எம் பையனை அந்த வீட்டு ஆம்பிளைங்க உள்ள விட்டிருப்பாங்களா என்றேன். அவர் படித்தார், மறுபடி படித்தார். ஜெபசீலியைக் கூப்பிட்டு அந்தப் பிள்ளை பெற்றவள் என்ன சொன்னாள் என்று கேட்டார். அவள் கன்னடத்தில் அப்படியே சொல்லிக்கொண்டு போனாள், கட்டுரையில் இல்லாததும் சேர்ந்து வந்தது. அந்த மகள் பெயர் காவேரி, சிலேட்டைக் கூரையில் செருகி வைத்திருந்தாளாம், தம்பி நடக்க ஆரம்பித்ததும் பள்ளிக்கு வருவேன் என்றாளாம். தலைமை அம்மா கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, உன்னை ஒரு வார்த்தை கேட்காம தீர்ப்புச் சொல்லிட்டேன்மா என்றார். அவள் மேல் இருந்த குற்றம் நீங்கிவிட்டது. அப்பா மட்டும் வெளியே வந்து வேப்பமரத்தடியில் வெகுநேரம் நின்றார்.

இனி உன் காரியம். தலைமை அம்மா வருகிற திங்கட்கிழமை உன் கல்லூரிக்கு எழுதப் போகிறார். எழுத வேண்டாம் என்று நான் கேட்கவில்லை, கேட்கவும் மாட்டேன். இந்தக் கடிதம் அதற்கு முன்பே உன் கைக்கு வந்துவிடும். நீயே உன் பேராசிரியரிடம் போ. யார் எழுதியது, எப்படி உன் கைக்கு வந்தது, என்னென்ன மாற்றினாய் என்று ஒளிக்காமல் சொல். அந்த ஊரார் அவளை அக்கா என்று கூப்பிட்டதை அண்ணா என்று மாற்றினால் சொந்தமாகிவிடும் என்று நினைத்தாயோ? நாலு வார்த்தையைத் திருப்பிப் போட்டாலும் கண்டது அவள் கண், கேட்டது அவள் காது. பிறர் எழுதியதை எடுக்கவே கூடாது என்று யாரும் சொல்லவில்லை, இன்னார் கண்டு எழுதியது என்று ஒரு வரி சேர்த்துவிட்டு, அதற்கு மேல் நீ யோசித்ததை எழுதியிருந்தால் உனக்கும் மரியாதை, அவளுக்கும் மரியாதை. அண்ணன் கேட்டிருந்தா நானே குடுத்திருப்பேன், எம் பேரு ஒண்ணு போட்டிருந்தாப் போதும் என்றுதான் அவளும் சொல்கிறாள். கோபப்பட்டிருந்தால்கூட எனக்கு இவ்வளவு வலித்திருக்காது.

இன்னொன்று. உடம்பு தேறிச் சென்னை போனதும், என்னைப் பற்றி உருக்கமாக நாலு வரி எழுதியிருந்தாய். அதை வேதாகமத்துக்குள் வைத்திருந்தேன். நேற்று எடுத்துப் படித்தபோது, இது எந்தப் பிள்ளை தன் தாய்க்கு எழுதியதோ என்று என் மனது கேட்டது. நீ எனக்குச் செய்த கெடுதல் இதுதான், ஜேம்ஸ்.

கர்த்தர் உனக்கு நல்ல புத்தியும் உண்மை பேசும் திடமும் தரட்டும். நீ என்ன செய்தாலும் என் பிள்ளைதான், அதில் மட்டும் எனக்குச் சந்தேகம் இல்லை. பேராசிரியரைப் பார்த்த பிறகே பதில் எழுது, அதற்கு முன் எழுதாதே. அழகாக எழுத வேண்டாம், உனக்கு வருகிறபடி எழுது.

அன்புடனும் கண்ணீருடனும்,
உன் அம்மா
ஜெபமணி